கல்லறை தொலைந்த புனிதர்

கோவாவில் பிறந்த யோசேப் வாஸ் அடிகளார் 1711 ஜனவரி 16 அன்று கண்டியில் காலமானார். அடக்கம் செய்யப்பட்டதும் அங்கேதான். அந்தக் கல்லறை எந்த இடத்தில் இருந்தது என்று இன்று யாராலும் காட்ட முடியாது. தலதா மாளிகையில் புத்தரின் பல் ஒன்றைக் கண்ணும் கருத்துமாகக் காத்துவந்த ஊர் ஒரு முழு உடலை எப்படித் தொலைத்தது? திருப்பண்டம் நிலைப்பது அதன் மகிமையால் என்பார்கள் பக்தர்கள். காவலர் பலத்தால் என்பதே என் கணிப்பு. கண்டிப் பேராலயம் யார் பெயரில் இருக்கிறதோ, அந்த அந்தோனியாரையே எடுத்துக்கொள்வோம். 1231 ஜூனில் அவர் இறந்ததும், உடல் எங்களுக்கே என்று பதுவா நகரின் இரு பகுதியினர் மல்லுக்கு நின்றார்கள். ஓராண்டுக்குள் புனிதர் பட்டம் வந்தது, பிறகு பெருங்கோவிலும் எழுந்தது. 1263இல் கல்லறையைத் திறந்தபோது நாக்கு அழியாமல் இருந்ததாகச் சொல்லி அதைத் தனியே எடுத்துவைத்தார்கள். இன்றும் அது அங்கே இருக்கிறது. நகரமும் துறவற சபையும் காசும் சேர்ந்து நடத்திய காவல் அது.

வாஸுக்கும் ஒரு காவலர் இருந்தார். 1692இல் போர்த்துக்கேய ஒற்றர் என்று அவரைச் சிறையில் அடைத்த இரண்டாம் விமலதர்மசூரியனே பிறகு அவருக்குப் புகலிடமானான். தலதாவுக்கு மூன்று மாடிக் கோவில் கட்டிய அதே மன்னன்தான்! 1697இல் பெரியம்மை பரவி ஊரே காலியானபோது, கைவிடப்பட்டவர்களுக்குக் கஞ்சி கொடுத்துப் பராமரித்தவர் வாஸ். அந்த நன்றிக்கடன் மன்னர் தலைமுறையோடு தேய்ந்தது. 1740களில் அரசவையின் போக்கு மாறி, கத்தோலிக்கக் குருக்கள் வெளியேற்றப்பட்டார்கள். அவர்களின் கோவிலும் போயிற்று, கல்லறையும் அடையாளமற்றுப் போயிற்று.

காவலே எல்லாமென்றால் தலதா எப்படித் தப்பியது என்று கேட்கலாம். யாழ்ப்பாணத்தில் கைப்பற்றிய பல்லை, பெகு மன்னன் பெரும்பணம் தர முன்வந்தும் மறுத்து, போர்த்துக்கேயர் 1561இல் கோவாவில் உரலிலிட்டு இடித்து எரித்தார்கள். அது உண்மையான தந்தம் அல்ல என்பது பௌத்தர்களின் உறுதியான நிலை. அந்த வழக்கைத் தீர்ப்பது இங்கே நம் வேலையல்ல. அதன்பின் கண்டி மன்னர்கள் படையெடுப்பு வந்தபோதெல்லாம் தந்தத்தை ஒளித்துத் தூக்கிக்கொண்டு ஓடினார்கள் என்பதே நமக்கு வேண்டியது. 1818இல் அது ஆங்கிலேயர் கைக்குப் போனதும் அவர்களுக்கு எதிரான கிளர்ச்சியின் முதுகெலும்பு முறிந்தது.

எலும்பே இல்லாத வாஸும் புனிதரானாரே என்பது இன்னும் வலுவான மறுப்பு. ஆனார், ஆனால் 304 ஆண்டுகள் கழித்து, 2015இல், காலிமுகத்திடலில். அதுவரை அவர் நினைவைக் காத்தவர்கள் கோவாவின் ஒரட்டோரியன் குருக்கள். கண்டியில் குருக்களுக்கு இடமில்லாமல் போன அந்தக் காலத்திலேயே, 1745இல், அவர்களில் ஒருவரான செபஸ்தியான் தோ ரேகோ எழுதிய அவரது வாழ்க்கை வரலாறு லிஸ்பனில் அச்சேறியது.