வீடு பெண்பிள்ளைக்கு: கல்முனைக் கரையின் கதை

நமது பழைய மாணவியர் இன்று கொழும்பிலும் டோஹாவிலும் லண்டனிலும் டொரன்டோவிலும் வாழ்கிறார்கள். உம்மாவின் ஊர், அம்மாவின் ஊர் எப்படிப்பட்டது என்று கேட்கும் அவர்களது பிள்ளைகளுக்குச் சொல்வதற்காக இக்கட்டுரை எழுதப்படுகிறது. கல்முனைப் பகுதியின் வரலாற்றைப் பலர் எழுதியிருக்கிறார்கள். முதலியார்மார், அமைச்சர்கள், பள்ளிவாசல்கள், கோயில்கள் பற்றிய குறிப்புகள் நிறைய உண்டு. வீட்டைப் பற்றி எழுதியவர்கள் குறைவு. இக்கரையில் வீடு பெண்ணுடையது. அந்த ஒரு நூலைப் பிடித்துக்கொண்டு போனால் ஊரின் வரலாறு முழுவதையும் பார்த்துவிடலாம்.

நிலமும் நீரும்

மட்டக்களப்பிலிருந்து தெற்கே நாற்பது கிலோமீற்றர் அளவில் கல்முனை இருக்கிறது. பெருந்தெரு வழியே வருபவர் பெரியநீலாவணை, மருதமுனை, பாண்டிருப்பு, கல்முனை, கல்முனைக்குடி, சாய்ந்தமருது, காரைதீவு, நிந்தவூர் என்று ஊர்களை ஒன்றன்பின் ஒன்றாகக் கடப்பார். ஓர் ஊர் எங்கே முடிந்தது, அடுத்தது எங்கே தொடங்கியது என்பதை வெளியூரவர் கண்டுபிடிக்க மாட்டார். தமிழரும் முஸ்லிம்களும் இப்படி மாறி மாறி அமர்ந்த ஊர்கள் இவை. பழைய நிருவாகத்தில் இவற்றுள் பெரும்பாலானவை கரைவாகுப் பற்றில் அடங்கின.

கிழக்கே வங்கக் கடல். மேற்கே வயல்வெளி, அதற்கப்பால் நீரோடைகளும் களப்பின் தென்கோடியும். இரண்டுக்கும் நடுவே ஒடுங்கிய மணல் மேடு. வயல் விலைமதிப்பானது, மாரியில் வெள்ளமும் ஏறும். ஆகவே சனம் எல்லாம் மணல் மேட்டிலேயே குடியிருந்தது. நற்பிட்டிமுனைக்கு அப்பால் கிட்டங்கித் தாம்போதி வெள்ளத்தில் மூழ்கினால் மேற்கே போக வழியில்லை என்பதை மழைக்காலத்தில் பள்ளிக்கு வந்தவர்கள் மறந்திருக்க மாட்டார்கள். இந்த இட நெருக்கடிதான் கல்முனைப் பகுதியை இலங்கையிலேயே மக்கள் மிக நெருங்கி வாழும் இடங்களுள் ஒன்றாக்கியது.

தொழிலும் நிலத்தைப் போலவே இரண்டாகப் பிரிந்தது. கடலில் கரைவலை, அதை நடத்தும் தண்டயல்மார். வயலில் போடியார், அவருக்குக் கீழ் முல்லைக்காரர், நீரைப் பங்கிடும் வட்டவிதானை. மருதமுனையில் மட்டும் மூன்றாவதாகத் தறி. அங்கே நெய்த சாரமும் சேலையும் நாடெங்கும் போயின. தறிக்கு நூல் சுற்றியும் நெய்தும் உழைத்தவர்களில் பெண்கள் ஏராளம்.

குடி வந்த வழி

1626ஆம் ஆண்டு போர்த்துக்கேயர் தம் ஆட்சிக்குட்பட்ட கரையோரங்களிலிருந்து முஸ்லிம்களை வெளியேற்றினார்கள். அவர்களுள் 4,000 பேரைக் கண்டி மன்னன் செனரத் மட்டக்களப்புப் பகுதியில் குடியேற்றினான் என்று போர்த்துக்கேயப் பாதிரியார் குவேரோஸ் எழுதிவைத்துள்ளார். வணிகராக வந்தவர்கள் இங்கே உழவரானார்கள்.

அவர்கள் வந்து சேர்ந்த மண்ணில் தாய்வழிக் குடிமுறை நிலைத்திருந்தது. பிள்ளை தாயின் குடியைச் சேரும். ஒரே குடிக்குள் மணம் செய்வதில்லை. மாப்பிள்ளை பெண் வீட்டுக்கு வந்து குடியிருப்பார். தமிழரிடமிருந்த இம்முறை முஸ்லிம்களிடமும் வேரூன்றியது. கோயிலில் குடிக்குடியாக உரிமை இருந்தது போலவே பள்ளிவாசலிலும் குடிக்கொரு மரைக்கார் இருந்தார். மார்க்கம் வேறு, குடிமுறை ஒன்று.

அமெரிக்க மானிடவியலாளர் டெனிஸ் மக்கில்வ்ரே 1969ஆம் ஆண்டளவில் அக்கரைப்பற்றுக்கு வந்து தங்கி இதைத்தான் விரிவாக ஆராய்ந்தார். நமக்கு அன்றாடமாக இருந்தது உலகின் பார்வைக்கு அரிதாக இருந்தது.

வளவுக்குள் வளர்ந்த தெரு

நடைமுறை இதுதான். மூத்த மகளுக்குக் கலியாணம் என்றால் தாயிருக்கும் வீடே அவளுக்குச் சீதனமாகிவிடும். பெற்றோர் மற்றப் பிள்ளைகளோடு அதே வளவில் இன்னொரு வீட்டைக் கட்டிப் போவார்கள். அடுத்த மகளுக்கு அந்த வீடு. இப்படியே இரண்டு மூன்று தலைமுறை போனால் ஒரு தெருவில் பாதி வீடுகளில் சகோதரிகளும் பெரியம்மா, சின்னம்மா, சாச்சி மக்களும் இருப்பார்கள். பிள்ளைப்பேறோ நோயோ, கணவனின் மரணமோ மணமுறிவோ, எது வந்தாலும் பெண் தன் வீட்டிலேயே இருப்பாள். வேறிடம் தேடிப் போகவேண்டியவர் கணவர்தான்.

இதன் மறுபக்கத்தையும் மறைக்கக்கூடாது. நாலு பெண்பிள்ளை உள்ள தகப்பன் நாலு வீடு கட்டவேண்டும். சகோதரிக்கு வீடு முடியும் வரை அண்ணன்மார் கலியாணம் செய்யாமல் இருந்தார்கள். 1970களின் பிற்பகுதியிலிருந்து மத்திய கிழக்குக்குப் போன ஆண்களும் பெண்களும் அனுப்பிய காசில் பெரும்பகுதி கல்லாகவும் சீமெந்தாகவும் மாறியது. ‘பெண் கேட்பது’ போய் ‘வீடு கேட்பது’ வந்துவிட்டது என்ற கசப்பும் நியாயமானதே. மார்க்கம் மணமகனிடமிருந்து மஹரைத்தான் பெண்ணுக்கு விதித்தது, சீதனத்தை அல்ல என்று உலமாக்கள் சொல்லிவருவதும் நாம் கேட்டதே.

ஆனாலும் ஒன்றைப் பிரித்தறிய வேண்டும். மாப்பிள்ளையின் கைக்குப் போகும் காசு வேறு, பெண்ணின் பெயரில் எழுதப்படும் வளவு வேறு. முதலாவது அவளை விலைபேசுகிறது. இரண்டாவது அவளை நிலைநிறுத்துகிறது. சீதனம் ஒழிக என்று சொல்லும்போது இரண்டையும் ஒரே குப்பைக்குள் போட்டுவிட்டால் இழப்பு பெண்ணுக்கே.

அரசு காணியும் ஆண் பெயரும்

1949இல் கல்லோயாத் திட்டம் தொடங்கியது. இங்கினியாகலையில் அணை எழுந்து சேனநாயக்க சமுத்திரம் உருவாயிற்று. கரையோர வயல்களுக்குச் சிறுபோகத்துக்கும் நீர் கிடைத்தது. மேற்கே புதிய குடியேற்றங்கள் எழுந்து இனவிகிதம் மாறியது. 1961இல் மட்டக்களப்பிலிருந்து பிரித்து அம்பாறை மாவட்டம் அமைந்தபோது, கரையோரத் தமிழ் பேசும் மக்கள் தம் கச்சேரி அலுவல்களுக்கு மேற்கு நோக்கிப் போகவேண்டி வந்தது.

இதோடு சத்தமில்லாமல் இன்னொன்றும் வந்தது. அரச காணி 1935ஆம் ஆண்டின் காணி அபிவிருத்திக் கட்டளைச் சட்டத்தின்படி அனுமதிப்பத்திரத்தில் வழங்கப்பட்டது. அதில் ‘குடும்பத் தலைவர்’ ஆண் என்றே கொள்ளப்பட்டது. பின்னுரித்திலும் மகளுக்கு முன் மகன் வந்தான். கரையில் தாயிடமிருந்து மகளுக்குப் போன நிலம், மேற்கே தகப்பனிடமிருந்து மகனுக்குப் போனது. அன்று இதை யாரும் பெரிதாக எண்ணவில்லை. கரையில் வளவு இருந்ததே!

2004 டிசம்பர் 26

அந்த ஞாயிற்றுக்கிழமைக் காலை கடல் எழுந்து வந்தது. இலங்கையில் மிகுந்த உயிரிழப்பு அம்பாறை மாவட்டத்தில்தான்: பத்தாயிரத்துக்கும் மேல். அதில் பெரும்பங்கு மருதமுனை, பாண்டிருப்பு, கல்முனைக்குடி, சாய்ந்தமருது, காரைதீவு என்ற நம் ஊர்களின் கடற்கரைத் தெருக்களுடையது. நாகூர் ஷாகுல் ஹமீது ஒலியுல்லாஹ்வின் நினைவாக ஆண்டுதோறும் கொடியேறும் கல்முனைக்குடிக் கடற்கரைப் பள்ளியைச் சுற்றி இருந்த குடியிருப்பு தரைமட்டமானது.

அம்பாறை மாவட்ட அகதி முகாம்களில் மருத்துவ ஆய்வாளர் நடத்திய கணக்கெடுப்பு ஒன்றில், பெண்களின் இறப்புவிகிதம் ஆண்களினதைப் போல இருமடங்குக்கு மேல் என்று தெரியவந்தது. அலை வந்தபோது வீட்டுக்குள் இருந்தவர்களே அதிகம் இறந்தார்கள். பெண்ணைக் காத்த வீட்டிலேயே பெண்ணைக் கடல் பிடித்தது. நம் பள்ளித் தோழியரும் ஆசிரியைகளும் அவர்களுள் அடக்கம். அவர்களுக்காக இம்மலரில் ஒரு கணம் அமைதி காப்போம்.

அதன்பின் வந்தது மெதுவான இழப்பு. கடலோரத்தில் கட்டக்கூடாதென்று வடக்கு கிழக்கில் 200 மீற்றர் எல்லை அறிவிக்கப்பட்டது. பின்னர் அது தளர்ந்து, நம் கரையில் 65 மீற்றர் என்ற பேச்சு நிலைத்தது. மருதமுனையில் ஒரு வீட்டுத்திட்டத்துக்கே ‘65 மீற்றர்’ என்று பெயர் விழுந்துவிட்டது. கல்முனையில் கிறீன்பீல்ட் மாடிவீடுகள் எழுந்தன. சாய்ந்தமருதின் மேற்கே பொலிவேரியன் கிராமம் எழுந்தது. அக்கரைப்பற்று நுரைச்சோலையில் சவூதி அரேபியா கட்டிய 500 வீடுகளோ வழக்கில் சிக்கி ஆண்டுக்கணக்காகக் காடுபற்றிக் கிடந்தன.

கடலோரத்தில் போனது மனைவியின் சீதன வளவு. அதற்கு ஈடாகக் கிடைத்த வீடு, பல இடங்களில், குடும்பத் தலைவர் என்ற வகையில் கணவரின் பெயருக்கு எழுதப்பட்டது. படிவத்தில் ஒரு கோடு, மூன்று தலைமுறைச் சொத்தைக் கைமாற்றியது. மட்டக்களப்பு, அம்பாறைப் பெண்கள் அமைப்புகள் இதைச் சுட்டிக்காட்டிக் கூட்டு உரிமை கேட்டன. சட்டத்தில் இடமில்லை என்ற பதிலே அப்போது கிடைத்தது. சுனாமிக்குப்பின் மீண்டும் வந்து பார்த்த மக்கில்வ்ரேயும் இந்தச் சீதன வீட்டுக் கவலையைப் பதிவுசெய்தார்.

மாடிவீட்டுக்கு வளவு கிடையாது. இரண்டாம் மகளுக்குப் பக்கத்தில் இன்னொரு வீடு எழுப்ப முடியாது. சகோதரிகளின் தெரு அங்கே முடிந்துபோகிறது.

இன்று

2022இல் காணி அபிவிருத்திச் சட்டம் திருத்தப்பட்டு, பின்னுரித்தில் ஆண் பெண் வேறுபாடு நீக்கப்பட்டது. நம் கரையில் வழக்கமாகவே இருந்தது, நாட்டில் சட்டமாவதற்கு எண்பத்தேழு ஆண்டுகள் எடுத்தன.

கல்வியிலும் ஒரு மாற்றம். 1971இல் கல்முனையில் மஹ்மூத் மகளிர் கல்லூரி எழுந்தது. எம்.எச்.எம். அஷ்ரஃபின் முயற்சியால் 1995இல் தொடங்கிய தென்கிழக்குப் பல்கலைக்கழகம் ஒலுவிலில் நிலைகொண்டதும், வீட்டிலிருந்தே பஸ்ஸில் போய்ப் பட்டம் பெற்ற பெண்கள் ஆயிரமாயிரம். ‘பெண்ணுக்கு வீடு’ என்பதோடு ‘பெண்ணுக்குப் படிப்பு’ என்பதும் இன்று சீதனப் பேச்சில் எடைபோடப்படுகிறது. படிப்பு வளவுக்கு மாற்று என்று மட்டும் எண்ணிவிடக் கூடாது. வேலை போகலாம், கணவர் போகலாம், நோய் வரலாம். உறுதியில் இருக்கும் பெயர் அப்படிப் போய்விடாது.

ஆகவே பழைய மாணவியர் அனைவருக்கும் ஒரு வேண்டுகோள். ஊருக்கு வரும்போது உங்கள் வீட்டு உறுதியை எடுத்துப் பாருங்கள். அது யார் பெயரில் இருக்கிறது, யாரிடமிருந்து வந்தது என்று மூத்தவர்களிடம் கேட்டு எழுதிக்கொள்ளுங்கள். அலையில் உறுதி போயிருந்தால் காணிப் பதிவகத்தில் பிரதி கிடைக்குமா என விசாரியுங்கள். வீட்டுத்திட்டத்து வீடென்றால் பிரதேச செயலகத்தில் பெயரைச் சரிபாருங்கள். உம்மும்மாவின் பெயரையும் அவர் தாயின் பெயரையும் அம்மம்மாவின் குடியையும் பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுங்கள். இக்கரையின் வரலாற்றை எழுதவேண்டிய ஏடு அந்த உறுதிகளின் அட்டவணைதான். அதில் அநேகமாகப் பெண்களின் பெயர்களே இருக்கும்.