தா. சனாதனன்

தா. சனாதனன் (தாமோதரம்பிள்ளை சனாதனன், பிறப்பு: 1969) இலங்கையின் யாழ்ப்பாணத்தைச் சேர்ந்த ஓவியரும் கலை வரலாற்றாய்வாளரும் ஆவார். ஓவியம், நிறுவற்கலை, நூல், ஆவணம் ஆகியவற்றை ஒன்றிணைக்கும் கலப்பு ஊடகப் படைப்புகளுக்காக அறியப்படுகிறார். போரினால் இடம்பெயர்ந்தோரின் நினைவுகளை அவர்களிடமிருந்தே திரட்டி, ஆவண வடிவில் முன்வைப்பது இவரது படைப்புகளின் முதன்மை இயல்பாகும். படைப்புகளின் தலைப்புகள் இக்கட்டுரையில் தமிழாக்கித் தரப்பட்டுள்ளன.

வாழ்க்கைச் சுருக்கம்

சனாதனன் யாழ்ப்பாணத்தில் ஓவியர் அ. மாற்குவிடம் ஓவியம் கற்றார். பின்னர் தில்லிப் பல்கலைக்கழகத்தில் நுண்கலையில் இளநிலை, முதுநிலைப் பட்டங்களையும், ஜவகர்லால் நேரு பல்கலைக்கழகத்தில் முனைவர் பட்டத்தையும் பெற்றார். யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத்தில் கலை வரலாறு கற்பித்து வந்துள்ளார். சமகாலக் கலை, கட்டடக்கலை, வடிவமைப்பு ஆகியவற்றுக்கென 2013 இல் யாழ்ப்பாணத்தில் தொடங்கப்பட்ட ஆவணக்காப்பகத்தின் நிறுவுநர்களுள் இவரும் ஒருவர்.

தொடக்கப் படைப்புகள்

1981 இல் யாழ்ப்பாணப் பொது நூலகம் எரிக்கப்பட்டபோது ஏறத்தாழ 97,000 நூல்களும் ஓலைச்சுவடிகளும் அழிந்தன. புதுப்பிக்கப்பட்ட அக்கட்டடத்தில், 2002 இல் ஏற்பட்ட போர்நிறுத்தக் காலத்தின்போது, "வரலாறுகளின் வரலாறு" (2004) என்னும் நிறுவலைச் சனாதனன் அமைத்தார். யாழ்ப்பாண வீடுகளிலிருந்து பெற்ற அன்றாடப் பொருட்களே அதில் இடம்பெற்றன. நூல்கள் அழிந்த இடத்தில், மக்கள் பாதுகாத்து வைத்திருந்த சிறு பொருட்கள் வரலாற்றுச் சான்றுகளாயின.

2005 முதல் 2007 வரை சந்திரகுப்த தேனுவர, ஜகத் வீரசிங்க, முகனத் காதர் ஆகியோருடன் அஞ்சல் வழியே ஓவியங்களைப் பரிமாறிக்கொண்டார். ஒருவர் வரைந்ததற்கு மற்றவர் மறுமொழியாக வரைந்த இவ்வோவியங்கள் 2008 இல் நூலாக வெளிவந்தன.

முற்றுப்பெறாத தோம்பு

தோம்பு என்பது போர்த்துக்கேயர் காலத்தில் தொடங்கி ஒல்லாந்தர் காலத்திலும் பேணப்பட்ட நிலப்பதிவேடு ஆகும். 1658 இல் தூத்துக்குடி, மன்னார், யாழ்ப்பாணம் ஆகிய மூன்றும் போர்த்துக்கேயரிடமிருந்து ஒல்லாந்தர் கைக்கு மாறின. முத்துக்குளித்துறையின் இரு கரைகளும் இவ்வாறு ஒரே ஆட்சியின் கீழ் வந்தன.

2011 இல் ரேக்கிங் லீவ்ஸ் பதிப்பகம் வெளியிட்ட "முற்றுப்பெறாத தோம்பு", அலுவலகக் கோப்பின் வடிவில் அமைந்த நூலாகும். இடம்பெயர்ந்த தமிழ் பேசும் மக்கள் தாம் விட்டுவந்த வீட்டின் தரைப்படத்தை நினைவிலிருந்து வரைந்தனர். அதனை அடுத்து கட்டடக்கலை முறையில் திருத்தி வரைந்த படமும், சனாதனனின் வண்ணக்கோல் ஓவியமும் உள்ளன. இவ்வாறு 80 வீடுகள் பதிவாகியுள்ளன. அரசின் தோம்பு நிலத்தையும் உடைமையாளரையும் பதிவு செய்தது. இத்தோம்போ, அங்கு வாழ்ந்தவர் எதனை நினைவில் வைத்திருக்கிறார் என்பதைப் பதிவு செய்கிறது.

பிற படைப்புகள்

2010 இல் கனடாவின் வன்கூவர் நகரிலுள்ள மானிடவியல் அருங்காட்சியகத்தில், புலம்பெயர்ந்த தமிழரிடம் பெற்ற பொருட்களைக் கொண்டு "வீடு" பற்றிய நிறுவலொன்றை அமைத்தார். 2016 ஆம் ஆண்டு கொச்சி-முசிறிசு பினாலேயில் காட்சிப்படுத்திய "எதிர்ப்பின் பேழை", நூலக அட்டைப் பேழையை ஒத்தது. பார்வையாளர் இழுப்பறைகளைத் திறந்து, போரில் பிழைத்தோரின் கதைகளை அட்டைகளில் படித்தறியலாம். 2019 இல் வெளிவந்த போர்ச் சொற்கள் பற்றிய நூல், சிறுவர் அரிச்சுவடியின் வடிவில் அமைந்தது.