பகடும் அறமும்: தொண்டை நாட்டு உழைப்பு விலங்குகள் பற்றிய ஓர் ஆய்வு

தமிழக வரலாற்றை எழுதப் புகுந்தோர் வேந்தர்தம் போர்களையும் வணிகர்தம் கலங்களையும் விரிவாக ஆராய்ந்துள்ளனர். அப்போருக்கு உணவு விளைத்ததும், அக்கலங்களுக்குப் பண்டம் சுமந்ததும் ஆகிய எருதின் வரலாறோ இன்னும் அடிக்குறிப்பு அளவிலேயே நிற்கிறது. காஞ்சிபுரத்தைச் சூழ்ந்த முசரவாக்கம் முதலிய சிற்றூர்களின் வாழ்வு நெடுங்காலம் ஏரிநீரையும் கிணற்றுநீரையும் எருதின் தோளையும் நம்பியிருந்தது. அத்தோளுக்கு மனிதர் என்ன கடன் பட்டனர், அக்கடனை எவ்வாறு தீர்த்தனர் என்னும் வினாக்களை இலக்கியம், கல்வெட்டு, சட்டம் ஆகிய மூன்றன் துணைகொண்டு ஈண்டு ஆராய்வாம்.

முதற்கண் சொற்களை நோக்குவோம். தொல்காப்பிய மரபியல் விலங்குகளின் ஆண்பாற் பெயர்களைத் தொகுத்துக் கூறுமிடத்து, ஏறு, ஏற்றை, ஒருத்தல், களிறு, சே முதலாகப் பதினைந்து பெயர்களை எண்ணிப் ‘பிறவும்’ என முடிக்கின்றது. எருது என்பதும் பகடு என்பதும் அவ்வெண்ணலில் வெளிப்படையாக இடம்பெறவில்லை. ஏறு என்பது ஆண்மையையும் வீறையும் சுட்டும் பெயர். எருது என்பதோ வழக்கில் ஏரிலும் வண்டியிலும் பூட்டப்பெறும் விலங்கையே பெரிதும் சுட்டுகின்றது. பாற்பெயரும் தொழிற்பெயர் போல வழங்கும் பெயரும் இங்ஙனம் வேறுபட நிற்றல் கருதத்தக்கது. தழுவி அடக்குதற்குரிய ஏறு கலித்தொகையில் முல்லைக்கலியின் சிறப்புப் பொருளாயிற்று. நுகத்தடியில் நின்ற எருதோ பெரும்பாலும் உவமையாகவே பாட்டினுள் நுழைந்தது.

அவ்வுவமைகள் நமக்குச் சிறந்த சான்றுகளாம். புறநானூற்று 102ஆம் பாட்டு நுகம் பழகாத இளைய எருதுகளையும், மிகுதியாகப் பண்டம் ஏற்றிய வண்டியையும், வழியில் அச்சு முறியுமோ என்றஞ்சி உமணர் கட்டி வைக்கும் சேம அச்சையும் காட்டுகின்றது. காஞ்சியை ஆண்ட தொண்டைமான் இளந்திரையனைப் பாடிய பெரும்பாணாற்றுப்படை, உப்பு வணிகரின் வண்டித் தொகுதியோடு, மிளகுப் பொதி சுமந்து சுங்கப் பெருவழியிற் செல்லும் கழுதைச் சாத்தையும் வருணிக்கின்றது. அக்கழுதைகளின் வலிய முதுகு வடுப்பட்டிருந்தது என்பதைப் புலவர் கூறாது விடவில்லை. வணிக வளத்தைச் சொல்ல வந்த இடத்தில் அவ்வளத்தின் விலையாகிய வடுவும் சொல்லப்பட்டமை போற்றத்தக்கது.

இவற்றினும் கூரிய சான்று புறநானூற்று 307ஆம் பாட்டில் உள்ளது. கால் முடமான எருதொன்றை உமணர் நீரும் புல்லும் இடாது, ஆளற்ற இடத்தில் விட்டுச் செல்கின்றனர். அவ்வெருதின் நிலை, மறவன் ஒருவனைப் பாடும் அப்பாட்டில் உவமையாக வருகிறது. கேட்போர் அறியாத ஒன்றை உவமையாக்குதல் புலவர் மரபன்று. ஆதலின், உழைக்க இயலாத எருதைக் கைவிடுதல் அக்காலத்து வழிகளில் பலரும் கண்டறிந்த செயல் எனக் கொள்ளுதல் பொருந்தும். மற்றொருபுறம், பட்டினப்பாலை காவிரிப்பூம்பட்டினத்து வேளாண் மக்களின் நல்லொழுக்கங்களை எண்ணுமிடத்து, ஆவோடு பகட்டைப் பேணுதலையும் ஒன்றாகச் சேர்த்துள்ளது. பேணுதல் அறம் என்ற கொள்கையும், பயன் தீர்ந்தபின் கைவிடுதல் என்ற நடைமுறையும் ஒரே காலத்தில் அருகருகே வாழ்ந்தன என்பதே இவற்றால் பெறப்படும் உண்மை.

திருவள்ளுவர் இடையூறு வந்தவிடத்தும் தளராது இழுக்கும் பகட்டை, இடுக்கண் அழியாமை அதிகாரத்தில் ஊக்கமுடைய மாந்தர்க்கு உவமையாக்கினார். கம்பர் பெயரால் வழங்கும் ஏரெழுபதோ எருதின் கழுத்தில் நுகம் பதித்த கறையையே சிறப்பித்துப் பாடிற்று. இவை எருதுக்குக் கிடைத்த பெருமைகளே. எனினும், பாராட்டு வேறு, பராமரிப்பு வேறு. கழுத்துக் கறையைப் பாடியது இலக்கியத்தின் கடமை. அக்கறை புண்ணாகாமல் காத்தல் யாருடைய கடமை என்பதே அறநூலின் வினா.

இனிச் சமயங்களின் பங்கைக் காண்போம். அசோகரின் இரண்டாம் பாறைக் கல்வெட்டு, தம் நாட்டிலும் சோழ பாண்டியர் முதலியோரின் எல்லை நாடுகளிலும் மனிதர்க்கும் விலங்குகட்கும் மருத்துவ ஏற்பாடுகள் செய்யப்பட்டதாகக் கூறுகின்றது. மணிமேகலைக் காப்பியத்தில் வேள்விக்கெனக் கட்டிய பசுவை இரவில் விடுவித்த ஆபுத்திரன் அடிபட்டு ஊரினின்றும் நீங்குகின்றான். அவன் கைப்பட்ட அமுதசுரபியே பின்னர் மணிமேகலையிடம் சேர்ந்து, வறங்கூர்ந்த காஞ்சி மாநகரில் உணவளிக்கின்றது. ஆங்குப் பசித்து வந்து கூடிய உயிர்களுள் விலங்கின் தொகுதியையும் சாத்தனார் சேர்த்துள்ளார். பஞ்சத்தில் விலங்கும் ஊட்டத்தக்க உயிரே என்னும் கருத்து, காஞ்சியைக் களமாக வைத்தே இவ்வளவு தெளிவாகச் சொல்லப்பட்டது.

பல்லவர் காலச் சான்று ஒன்றும் ஈண்டு நினைக்கத்தக்கது. செங்கம் பகுதியில் உள்ள எடுத்தனூர் நடுகல், மகேந்திரவர்மனின் 34ஆம் ஆட்சியாண்டில் பொறிக்கப்பட்டது. கள்வர் இருவரைக் கடித்துக் காவல் நின்ற நாய்க்குக் கோவிவன் என்னும் பெயர் இருந்ததை அக்கல்லே நமக்கு அறிவிக்கின்றது. வீரனொடு அந்நாயின் உருவமும் கல்லில் நிற்கின்றது. தொழில் புரிந்த விலங்கைப் பெயர் சுட்டி நினைவிற் கொள்ளல் தமிழகத்துக்குப் புதிதன்று என்பதற்கு இதனினும் வேறு சான்று வேண்டா.

இதற்கு நேர்மாறான நோக்கைக் கோயிற் கல்வெட்டுகளில் காண்கின்றோம். நந்தாவிளக்கு எரிக்க ஆடும் பசுவும் எருமையும் கொடையாக அளிக்கப்பட்டன. தஞ்சைப் பெரிய கோயிற் கல்வெட்டுகளின்படி ஒரு விளக்குக்கு 96 ஆடுகள், அல்லது 48 பசுக்கள், அல்லது 16 எருமைகள் ஈடாகக் கொள்ளப்பட்டன. நாள்தோறும் உழக்கு நெய் அளத்தல் அவற்றைப் பெற்றோர் கடமை. இவ்வாறு அளிக்கப்பட்டவை ‘சாவா மூவாப் பேராடு’ என வழங்கின. இறந்ததற்கு ஈடாகக் கன்றும் குட்டியும் சேர்த்து எண்ணிக்கை குறையாது காக்கப்பட்டமையின், ஆவணத்தில் அம்மந்தைக்கு மூப்பும் சாவும் இல்லை. நிருவாக நோக்கில் இது நுட்பமான ஏற்பாடு. அற நோக்கிலோ, மந்தை வாழும்போது தனித்த விலங்கு மறைந்துவிடுகின்றது. மூத்த பசு என்னாயிற்று என்பதற்கு அக்கல்வெட்டு விடை கூற வேண்டிய தேவையே எழவில்லை.

இச்சிக்கல் தமிழகத்துக்கு மட்டும் உரியதன்று. உரோம நாட்டுக் கேட்டோ என்பார் தம் வேளாண்மை நூலில், மூத்த எருதையும் மூத்த அடிமையையும் விற்றுவிடுமாறு பண்ணைத் தலைவனுக்கு அறிவுரை கூறினார். கிரேக்க அறிஞர் புளூட்டார்க் பின்னாளில் அவர் வரலாற்றை எழுதுங்கால் அதனைக் கடிந்துரைத்தார். ஏதென்சு நகரில் கோயிற் கட்டுமானத்துக்குக் கல் சுமந்து ஓய்ந்த கோவேறு கழுதையொன்று பொதுச் செலவில் ஊட்டப்பெற்ற செய்தியை அவர் எடுத்துக்காட்டினார். உழைப்பின் பயன் ஊர்க்குப் பொதுவாயின், ஓய்வின் சுமையும் ஊர்க்குப் பொதுவாதல் வேண்டும் என்னும் நெறி அச்செய்தியுள் அடங்கியுள்ளது.

சட்டத்தின் வரலாறு மிகவும் பிற்பட்டது. ஆங்கில நாட்டில் 1822ஆம் ஆண்டிலும், ஆங்கிலேயர் ஆண்ட இந்தியாவில் 1890ஆம் ஆண்டிலும் விலங்கு வதைக்கு எதிரான சட்டங்கள் தோன்றின. விடுதலைக்குப் பின் மாநிலங்களவையில் உருக்குமணி தேவி அருண்டேல் தொடங்கிய முயற்சியின் பயனாக, விலங்கு வதைத் தடுப்புச் சட்டம் 1960இல் நிறைவேறியது. மூப்பாலோ நோயாலோ புண்ணாலோ தகுதியிழந்த விலங்கை வேலை வாங்குதலும், பசியாலும் நீர் வேட்கையாலும் துன்புறுமாறு கைவிடுதலும் அச்சட்டத்தின் 11ஆம் பிரிவிற் குற்றங்களாயின. புறநானூற்று உமணரின் செயல் ஏறத்தாழ ஈராயிரம் ஆண்டுகட்குப்பின் குற்றமெனப் பெயர் பெற்றது. முதன்முறைக் குற்றத்துக்கு அச்சட்டம் விதித்த தண்டமோ 10 முதல் 50 உரூபா வரையே. 1965ஆம் ஆண்டு விதிகள் ஒரு நாளில் ஒன்பது மணி நேரத்துக்கு மேலும், இடையீடின்றி ஐந்து மணி நேரத்துக்கு மேலும் விலங்கை வேலை வாங்கலாகாது என்றன. வெப்பம் 37 பாகைக்கு மேற்படும் இடத்தில் நண்பகல் முதல் மூன்று மணி வரை பூட்டுதலையும் விலக்கின. காஞ்சிப் பகுதியின் கோடையை அறிந்தோர்க்கு இவ்விதியின் பொருள் விளங்கும்.

சட்டம் சுமையை அளந்துகொண்டிருந்த அதே காலத்தில் மின்பொறியும் இழுவை வண்டியும் ஊர்களுட் புகுந்தன. கவலை இறைப்பில் எருதிணை சரிவில் முன்னோக்கி இறங்கிச் சாலை மேலேற்றும். பின்னோக்கி நடந்து மீண்டும் கிணற்றை அணுகும். நாள் முழுதும் நிகழ்ந்த அவ்வுழைப்பினின்றும் பொறி எருதை விடுவித்தது. ஆயினும், வேலை ஒழிந்தபோதே வைக்கோலும் புண்ணாக்கும் இட்டு வளர்த்தற்கு உரிய காரணமும் உழவனிடத்து ஒழிந்தது. நுகத்தினின்றும் பெற்ற விடுதலை தொழுவத்தினின்றும் பெற்ற நீக்கமாயிற்று.

2014இல் உச்சநீதிமன்றம் தடுத்ததும், 2017ஆம் ஆண்டுத் தமிழ்நாட்டுத் திருத்தச் சட்டம் மீட்டதும், 2023இல் அரசியலமைப்பு அமர்வு ஏற்றதுமான சல்லிக்கட்டைக் குறித்து நாடெங்கும் உரையாடல் எழுந்தது. அது ஏற்றைப் பற்றிய உரையாடல். எருதைப் பற்றி அத்தகைய உரையாடல் எழவில்லை. மரபியற் பட்டியல் எண்ணாது விட்ட பெயரையே நம் காலமும் எண்ணாது விட்டது போலும்.

மூத்த எருதைக் காத்தல் சிறு உழவனின் தனிக்கடமை என்று கூறி நாம் அமைதியுறல் பொருந்தாது. ஒரு பிடி வைக்கோலுக்கும் கணக்குப் பார்க்கும் குடியின்மேல் முழுச்சுமையையும் ஏற்றுதல், எருதின்மேல் மிகைப்பாரம் ஏற்றுதலை ஒத்ததே. எருது உழுத நெல்லை உண்டது ஊர் முழுதும் ஆதலின், அதன் முதுமையை ஏற்பதும் ஊரின் அறமாம். மாட்டுப்பொங்கலன்று கொம்புக்கு வண்ணம் தீட்டி நன்றி கூறும் மரபு இவ்வறத்தின் தொடக்கம். மற்ற நாட்களின் தீவனமே அதன் நிறைவு. கவலை, சால், நுகம், பூட்டு என்னும் தொழிற்சொற்களை அறிந்த முதியோர் ஊர்களில் இன்றும் உளர். அச்சொற்களோடு எருதுக்குரிய ஓய்வு, மருந்து, முதுமைக் காப்பு ஆகியன பற்றிய வழக்குகளையும் தொகுத்தல் இளம் ஆய்வாளர் மேற்கொள்ளத்தக்க பணியாகும். அத்தொகுப்பு முற்றும்போதே பட்டினப்பாலை கூறும் பகடோம்புதல் எத்துணை உண்மையாக வாழ்ந்தது என்று நாம் துணிந்து கூற இயலும்.