ஜகாட்: தோட்டத் தொழிலின் சரிவைக் காட்டும் குற்றப்படம்

'ஜகாட்', சஞ்சய் குமார் பெருமாள் இயக்கி 2015 டிசம்பரில் வெளிவந்த மலேசியத் தமிழ்த் திரைப்படம். ரப்பர்த் தோட்டங்களை விட்டு வெளியேறிய தமிழ்க் குடும்பங்கள் 1990களின் தொடக்கத்தில் வாழ்ந்த வாழ்வைக் குண்டர் கும்பல் கதையின் வழியே சொல்கிறது.

தோட்டத்தில் வேலையும் வீடும் ஒன்றாகவே வந்தன. விடியுமுன் பெரட்டு எனும் ஆள்கணக்கெடுப்புக்கு நின்று பால்மரம் வெட்டப் போனவர்களின் லயம் எனும் வரிசைவீடு, பிள்ளைகள் படித்த தமிழ்ப்பள்ளி, கும்பிட்ட மாரியம்மன் கோயில் எல்லாம் தோட்ட நிலத்திலேயே இருந்தன. கிள்ளான் மாவட்டத்தில் 1941இல் வெடித்த தோட்ட வேலைநிறுத்தம் இம்மக்களின் ஒற்றுமைக்குச் சான்று. சீனத் தொழிலாளருக்கு நிகரான கூலி கேட்டவர்கள், வெள்ளைக்கார மேலாளரைக் கண்டால் சைக்கிளை விட்டு இறங்கும் வழக்கத்தையும் ஒழிக்கச் சொன்னார்கள். தலைவர் ஆர். எச். நாதன் கைதாகி நாடு கடத்தப்பட்டார்.

பின்னாளில் பல தோட்டங்களில் ரப்பரின் இடத்தைச் செம்பனை பிடித்தது. நகரையொட்டிய தோட்டங்கள் வீடமைப்புப் பகுதிகளாகவும் தொழிற்பேட்டைகளாகவும் மாறின. வேலை போனதும் லயத்தையும் காலி செய்ய வேண்டியிருந்ததால், பலர் புறம்போக்குக் குடிசைகளுக்கும் பின்னர் மலிவுவிலை அடுக்குமாடிகளுக்கும் போனார்கள்.

படத்தின் மையம் அப்போய் என்னும் 12 வயதுச் சிறுவன். படித்தால்தான் கரையேற முடியும் என்று நம்பும் தந்தை மணியம், அந்த நம்பிக்கையை அடியாலும் கண்டிப்பாலும் மகனுக்குள் திணிக்கிறார். சிறுவனின் கற்பனையைப் பள்ளி குறும்பென்றே பார்க்கிறது. குடும்பத்தில் ஒருவர் போதைப்பழக்கத்திலிருந்து மீண்டவர். மற்றொருவர் கும்பலில் இருப்பவர். பணமும் மரியாதையும் கும்பல்காரரிடம் இருப்பதைக் கண்டு சிறுவன் அவர் பக்கம் சாய்கிறான்.

தொழிலின் அழிவைக் குற்றக்கதையில் காட்டிய படைப்புகளில், 2003இல் ஒளிபரப்பான 'தி வயர்' அமெரிக்கத் தொலைக்காட்சித் தொடரின் இரண்டாம் பருவமும் முக்கியமானது. பால்டிமோர் துறைமுகத்தில் வேலை குறைந்துவர, அதை மீட்பதற்குப் பணம் திரட்ட, தொழிற்சங்கத் தலைவர் ஃபிராங்க் சோபோட்கா கடத்தலுக்குத் துணைபோகிறார். அங்கே இருக்கும் வேலையைக் காக்கக் குற்றம் நடக்கிறது. 'ஜகாட்'டிலோ வேலையும் ஊரும் ஏற்கெனவே போய்விட்டன. மிஞ்சிய வெற்றிடத்தில் கும்பல் வளர்கிறது. குற்றத்தைத் தனிமனிதரின் கெட்ட குணமாக்காமல் இந்த வரலாற்றோடு பிணைத்ததே படத்தின் சாதனை.

2016இல் நடந்த 28ஆவது மலேசியத் திரைப்பட விழாவில், மலாய் அல்லாத மொழிப் படங்களைத் தனிப்பிரிவில் ஒதுக்கியதற்கு எதிர்ப்பு எழுந்தது. அப்பிரிவினை கைவிடப்பட்டபின், நாட்டின் சிறந்த படத்துக்கான விருதை 'ஜகாட்' வென்றது.