பெயரும் பேரேடும்: மாத்தளை மாவட்டத்து ஆட்பெயர்கள் பற்றிய ஒரு வரலாற்று நோக்கு

மலையகத் தோட்டங்களிலே ‘பேர்’ என்னும் சொல் இருபொருள் தருவது. ஒருவரை அழைத்தற்குரிய பெயர் ஒன்று. ஒரு நாள் வேலைக்குரிய கூலி மற்றொன்று. குறித்த அளவு கொழுந்து பறித்தவர்க்கு முழுப்பேர். அளவிற் குறைந்தவர்க்கு அரைப்பேர். காலையிற் பிரட்டுக்களத்திலே பெயர் கூப்பிட்டுச் செக்றோலிற் பதிந்த வழக்கத்தினின்றும் இப்பொருள் தோன்றியிருத்தல் வேண்டும். மனிதனுடைய பெயரே அவனுடைய கூலியின் அளவுகோலாயிற்று. அது பாதியாகக் குறைக்கப்படவும் கூடியதாயிற்று. ஆட்பெயரை வெறும் ஒலிக்குறியாகக் கொள்ளாது வரலாற்றுச் சான்றாகக் கொள்ளவேண்டும் என்பதற்கு இதனினும் தெளிவான எடுத்துக்காட்டு வேண்டுவதில்லை.

இவ்வாய்வுக்கு மாத்தளை மாவட்டம் மிகவும் பொருத்தமான களமாகும். கண்டி அரசின் பழைய திசாவனிகளுள் ஒன்றாகிய இப்பகுதியிற் சிங்களக் குடிகளின் பெயர்முறை, முஸ்லிம் மக்களின் பெயர்முறை, தோட்டத் தமிழரின் பெயர்முறை என்னும் மூன்றும் அருகருகே வழங்கி வந்துள்ளன. இவை மூன்றும் மனிதனை மூன்று வெவ்வேறு வகையில் அடையாளம் காண்பன. ஒரே வகையான படிவத்தில் இம்மூன்றையும் அரசு அடக்க முற்பட்டபோது எழுந்த விளைவுகளே ஈண்டு ஆராயத்தக்கன.

கண்டிச் சிங்களவரின் பெயர்முறை நிலத்தோடும் பதவியோடும் பிணைந்தது. 1660 முதல் 1679 வரை கண்டி இராச்சியத்திற் சிறைப்பட்டிருந்த றொபேட் நொக்ஸ், 1681இல் வெளியிட்ட தம் நூலில், இந்நாட்டவர் குழந்தைப் பருவத்துப் பெயரால் வளர்ந்தபின் அழைக்கப்படுவதை இழிவாகக் கருதினர் என்றும், பிறந்த அல்லது வாழும் ஊரைச் சார்ந்த பட்டங்களையே பெயராகக் கொண்டனர் என்றும் குறிப்பிடுகின்றார். மாத்தளை நகரையடுத்துள்ள அலுவிகாரை என்னும் ஊர்ப்பெயர் ஒரு குடும்பத்தின் பெயராகவும் நிலைபெற்றமை இவ்வழக்கின் எச்சமே. ‘முதியான்செலாகே’ என முடியும் வாசகமப் பெயர்களும் இத்தகையன. ‘கே’ என்பது வீட்டைக் குறிக்கும் சிங்களச் சொல். ‘முதியான்சே’ என்பது ஒரு பட்டம். ஆகவே இன்னாரின் வீட்டார் என்பதே அப்பெயரின் பொருளாகும். பண்டா, மெனிக்கே என்னும் ஈற்றுப் பெயர்கள் உயர்நிலைக் குடிகளுக்கு உரியனவாயிருந்தன. மெனிக்கே என்பது மணியைக் குறிப்பது. நம் மாணிக்கம் என்னும் பெயரோடு உறவுடையது. இம்முறையில் ஒருவனுடைய பெயரைக் கேட்டமாத்திரத்தே அவனுடைய ஊரும் குலமும் தரமும் கேட்பவர்க்கு விளங்கிவிடும்.

பெயருக்கிருந்த இவ்வாற்றலை 1848ஆம் ஆண்டு மாத்தளைக் கிளர்ச்சி நன்கு காட்டுகின்றது. அவ்வாண்டு யூலை மாதத்திலே தம்புள்ளை விகாரையில் அரசனாக முடிசூட்டப்பட்டவன் கொங்காலேகொட பண்டா. அவன் கண்டிப் பிரபு குலத்தவன் அல்லன். கரையோரப் பகுதியிலுள்ள பேலியகொடையைச் சேர்ந்த டேவிட் என்பவன். அவனோடு நின்று போராடிய புரன் அப்புவும் மொறட்டுவையிற் பிறந்தவனே. அவனுடைய பெயர் பிரான்சிஸ்கோ பெர்னாண்டோ. டேவிட் என்னும் பெயருடைய ஒருவனைக் கண்டிக் குடியானவர் அரசனாக ஏற்றல் அரிது. பண்டா என்னும் பெயரோ கண்டி மண்ணுக்குரியது. மலைநாட்டு மக்களின் அரசனாவதற்கு அவன் முதலில் மலைநாட்டுப் பெயரைப் பெற வேண்டியிருந்தது. புரன் அப்பு 1848 ஓகஸ்ட் 8ஆம் நாள் கண்டியிற் சுட்டுக் கொல்லப்பட்டான். கொங்காலேகொட பண்டா மலாக்காவுக்கு நாடுகடத்தப்பட்டான். ஆயினும் இன்றும் பாடநூல்கள் அவ்விருவரையும் அவர்கள் ஏற்ற பெயர்களாலேயே குறிப்பிடுகின்றன.

முஸ்லிம்களின் பெயர்முறை இரு கரைகளையும் தழுவியது. அறபுப் பெயரோடு லெப்பை, மரைக்கார் முதலான சிறப்புப் பெயர்கள் சேர்தல் கடலோர மரபு. மரைக்கார் என்பதை மரக்கலத்தோடு தொடர்புபடுத்துவர். கண்டிப் பகுதி முஸ்லிம் குடும்பங்கள் சிலவோ, அரசசேவையின் வழியாகவும் வைத்தியத் தொழிலின் வழியாகவும், ‘கே’ என முடியும் சிங்கள வாசகமப் பெயர்களையும் பெற்றிருந்தன. மத அடையாளத்தைக் கைவிடாமலே நாட்டுக் குடியாக ஏற்கப்பட்டமைக்கு அப்பெயர்கள் சான்று பகர்கின்றன.

இத்தகைய வாய்ப்புத் தோட்டத் தமிழர்க்குக் கிட்டவில்லை. கோப்பிச் செய்கை விரிவடைந்த காலத்திலே தமிழகத்திலிருந்து வந்தோர் மன்னார்க் கரையில் இறங்கிக் காட்டுவழியே நடந்து, தம்புள்ளையைக் கடந்து மாத்தளையை அடைந்தனர். வழியில் நோயாலும் பசியாலும் மடிந்தோர் பலர். மாத்தளைக்கு இருப்புப்பாதை வந்தது 1880இலேதான். அவர்கள் கொண்டுவந்த உடைமைகளுள் அழியாதிருந்தது பெயர் ஒன்றே. முனியாண்டி, கருப்பையா, காளியம்மா, வீராயி என்பன ஊர்த்தெய்வங்களின் பெயர்கள். பழனியாண்டி பழனியையும், ரெங்காயி திருவரங்கத்தையும் நினைவூட்டுவன. மாரிமுத்து என்பதில் மாரி மழையையும் மாரியம்மனையும் குறிக்கும். முத்து என்பது அம்மை நோயின் கொப்புளத்தையும் குறிக்கும். மாத்தளை நகரின் பெருங்கோயில் முத்துமாரியம்மனுக்கு உரியதாயமைந்திருப்பதும் இதனோடு சேர்த்து நோக்கத்தக்கது. மழையை நம்பிய கிராமத்திலிருந்து நோய்க்கு அஞ்சிய தோட்டத்துக்குத் தெய்வமும் பெயரும் ஒருங்கே வந்து சேர்ந்தன.

மற்றுஞ் சில பெயர்கள் துயரத்தின் சுவடுகள். பிறந்த பிள்ளைகள் தொடர்ந்து இறந்தால், அடுத்துப் பிறந்த குழந்தையைக் குப்பையிலிட்டு எடுத்துக் குப்பன், குப்பம்மா என்று பெயரிடுவர். பிறரிடம் இரந்து பெற்றதாகப் பாவித்துப் பிச்சை என்பர். மூக்குக் குத்தி மூக்கன், மூக்காயி என்பர். மதிப்பற்ற பொருளைக் கூற்றுவன் நாடமாட்டான் என்பது இதன் உட்கிடை. பெண்மகவு மிகுந்த வீட்டிற் ‘போதும்பொண்ணு’ என்று பெயரிட்டமையும் உண்டு. பிற்காலத்தார் இப்பெயர்களை நகைப்புக்குரியனவாகக் கொண்டனர். ஆனால், குழந்தை மரணம் பற்றிய புள்ளிவிபரங்கள் கூறாத தாயின் அச்சத்தை இவையே கூறுகின்றன.

தமிழர் பெயர்முறையிற் குடும்பப் பெயர் என்பது பொதுவாக இல்லை. தந்தையின் பெயரே முதலெழுத்தாக முன்னிற்கும். கருப்பையாவின் மகன் இராமையா. இராமையாவின் மகன் முத்துசாமி. மூன்றாந் தலைமுறையிற் கருப்பையா மறைந்துவிடுகின்றார். பெண்ணோ திருமணத்தோடு தந்தையின் எழுத்தை விடுத்துக் கணவனின் எழுத்தை ஏற்கின்றாள். ஒப்பந்தக் கூலிகளாக நேற்றாலுக்குச் சென்ற தமிழரின் நிலை இதனின் வேறுபட்டது. அங்கு முதலி என்பது மூட்லி எனவும், கவுண்டர் என்பது கவெண்டர் எனவும் திரிந்து தலைமுறை தோறும் மாறாத குடும்பப் பெயர்களாக உறைந்துவிட்டன. இலங்கையிலோ ஆட்சேர்ப்புக் கங்காணி முறையில் நடைபெற்றது. கங்காணி தன் ஆட்களை முகத்தாலும் உறவாலும் அறிந்திருந்தான். தோட்டக் கணக்குக்கு ஒற்றைப் பெயரே போதுமாயிருந்தது.

அவ்வொற்றைப் பெயரும் எழுதுவோர் கைப்பட்டதாயிற்று. லயத்திலே லெட்சுமி என வழங்கியவள், கிளாக்கரின் ஆங்கில எழுத்தில் ஒருவகையாகவும், பிறப்புப் பதிவில் இன்னொருவகையாகவும், கோயிற் கணக்கிலே இலட்சுமி என வேறொருவகையாகவும் பதியப்படலாம். ஒரே தோட்டத்தில் இராமசாமிகள் பலர் இருந்தால் அடைமொழி சேரும். அவ்வடைமொழியே சில வேளை பெயராகப் பதிவு பெறும். வேலை நடக்கும்வரை இவ்வேறுபாடுகளாற் கேடு ஒன்றுமில்லை.

கேடு 1948இல் வந்தது. அவ்வாண்டின் 18ஆம் இலக்கப் பிரசாவுரிமைச் சட்டம், இந்நாட்டிற் பிறந்தவனும் தன் முன்னோரின் பிறப்பை நிறுவவேண்டும் என்றது. 1949ஆம் ஆண்டின் 3ஆம் இலக்க இந்திய, பாகிஸ்தானிய வதிவோர் சட்டத்தின் கீழ் விண்ணப்பித்தோர், விடுபடாத வதிவை ஆண்டுக்கணக்கிற் காட்டவேண்டியிருந்தது. தந்தையும் மகனும் வேறு வேறு பெயருடையோராதலின், அவர்தம் உறவைக் காட்டும் பொதுச்சொல் எதுவும் பெயரில் இல்லை. வாசகமப் பெயருடையவன் தன் பெயரிலேயே பரம்பரையைச் சுமந்து நின்றான். தோட்டத் தொழிலாளியோ அதனைத் தனித்தனிக் கடதாசிகளால் நிறுவவேண்டியவனானான். கடதாசிக்குக் கடதாசி எழுத்து மாறியிருந்தால் ஆள் ஒருவனே என்பதும் ஐயத்துக்குள்ளாயிற்று. 1964ஆம் ஆண்டின் சிறிமா – சாஸ்திரி ஒப்பந்தம் 5,25,000 பேரை இந்தியாவுக்கும் 3,00,000 பேரை இலங்கைக்கும் பகுத்தது. எஞ்சிய 1,50,000 பேர் 1974இற் சரிபாதியாகப் பங்கிடப்பட்டனர். தோட்டத்திலே கூலியை அளந்த ‘பேர்’ என்னும் சொல், அரசுகளின் பேச்சுவார்த்தையில் மனிதரைப் பங்கிடும் எண்ணுப்பெயராயிற்று. நாடற்ற நிலை முற்றாக நீங்குவதற்கு 2003ஆம் ஆண்டின் 35ஆம் இலக்கச் சட்டம் வரை காத்திருக்க வேண்டியிருந்தது.

பெயர் ஆபத்தையும் விளைவித்தது. 1983 யூலை வன்செயல்களின்போது, வாக்காளர் இடாப்பிலிருந்த பெயர்களைக் கொண்டு தமிழர் இல்லங்கள் இனங்காணப்பட்டமை பலராலும் பதிவுசெய்யப்பட்டுள்ளது. மாத்தளை நகரமும் அவ்வன்செயலுக்குத் தப்பவில்லை. முத்துமாரியம்மன் கோயிலும் எரியுண்டது. அடையாளமாகப் பெற்றோர் இட்ட பெயர் காட்டிக்கொடுக்கும் சொல்லாக மாறிய நாட்கள் அவை.

இதற்கிடையே பெயர்களும் மாறிவந்தன. திராவிட இயக்கத்தின் செல்வாக்காற் செந்தமிழ்ப் பெயர்களும், திரைப்படத்தின் வழியாகப் புதுப்பெயர்களும் லயங்களுட் புகுந்தன. முனியாண்டியின் பேரன் இளங்கோ ஆனான். குப்பம்மாவின் பேத்தி ரஞ்சனி ஆனாள். கல்வி பெற்றோர் பழைய பெயர்களிற் சாதியின் இழிவையும் கூலி வாழ்வின் தழும்பையும் கண்டனர். அவற்றை நீக்க விரும்பியது இயல்பே. தன் பிள்ளைக்கு வேண்டிய பெயரையிடும் உரிமை எவர்க்கும் உண்டு. ஆனால் ஊர், தெய்வம், நோய், இறப்பு ஆகியவற்றின் செய்திகளை வேறெங்கும் எழுதிவைக்காத ஒரு சமுதாயத்துக்குப் பழைய பெயர்கள் ஏடுகளாகும். செக்றோல்கள், பிறப்பு இறப்புப் பதிவேடுகள், கோயில் வரவுசெலவுக் கணக்குகள் முதலியவற்றிற் சிதறிக் கிடக்கும் அப்பெயர்களைத் தொகுத்து, அவற்றின் திரிபுகளையும் மூலவூர்களையும் வகைப்படுத்துவது பல்கலைக்கழகத் தமிழாய்வின் கடன். முதியோர் வாய்மொழியும் உடன் பதியப்படவேண்டும். ஏட்டிலுள்ள பல பெயர்கள் ஒரே ஆளைச் சுட்டுகின்றன என்பதைச் சொல்லவல்லார் அவரே. அரைப்பேராகவும் முழுப்பேராகவும் எண்ணப்பட்டோரின் உண்மைப் பெயர்களை மீட்டெடுப்பதே அவர்தம் வரலாற்றை எழுதுவதன் முதற்படியாகும்.