அடுப்பெரிக்கக் கேட்ட காகிதம்

வில்னா நகரின் யூதர்களை நாஜிகள் கெட்டோவுக்குள் அடைத்தது 1941 செப்டம்பரில். அடுத்த ஆண்டு அங்கிருந்து சில அறிஞர்களையும் கவிஞர்களையும் நாள்தோறும் யிவோ கட்டடத்துக்கு வேலைக்கு அனுப்பினார்கள். யிவோ, யித்திஷ் மொழிக்கும் பண்பாட்டுக்குமாக 1925இல் எழுந்த ஆய்வு நிறுவனம். அதன் நூல்களை அவர்களே தரம் பிரிக்க வேண்டும். நாஜிகளுக்கு வேண்டியவை ஃபிராங்க்ஃபர்ட்டுக்கு. மற்றவை காகித ஆலைக்கு.

நூலகர் ஹெர்மன் க்ரூக், கவிஞர்கள் ஆப்ரகாம் சுட்ஸ்கேவர், ஷ்மெர்க்கே கச்செர்கின்ஸ்கி ஆகியோர் அந்தக் குழுவில் இருந்தார்கள். கெட்டோவாசிகள் அவர்களைக் கேலியாகக் 'காகிதப் படை' என்றார்கள். கேலியில் நியாயமும் உண்டு. ஒரு உருளைக்கிழங்கைக் கடத்தி வந்தால் ஒரு வயிறாவது நிறையும். இவர்களோ சட்டைக்குள் கையெழுத்துப் படிகளைச் சுற்றிக்கொண்டு வாசலைக் கடந்தார்கள். பிடிபட்டால் அடி, அதற்கு மேல் பொனாரி காடு, சுட்டுக் கொல்லும் இடம்.

சுட்ஸ்கேவர் ஒரு தந்திரம் செய்தார். அடுப்பெரிக்கக் கழிவுக் காகிதம் வேண்டும் என்று ஜெர்மானிய அதிகாரியிடமே எழுத்தில் அனுமதி வாங்கினார். அந்தச் சீட்டின் நிழலில் ஷோலெம் அலெய்க்கெமின் கடிதங்கள் உள்ளே போயின.

அவருடைய புகழ்பெற்ற கவிதையொன்றில், ரோம் அச்சகத்தின் ஈயத் தகடுகளைப் போராளிகள் உருக்கித் தோட்டா வார்க்கிறார்கள். தால்முதை அச்சிட்டுப் பேர்பெற்ற அச்சகம் அது. அப்படி ஒரு நிகழ்ச்சி நடந்திருக்குமா என்று ஆய்வாளர்கள் ஐயப்படுகிறார்கள். எனக்கு அது பெரிய குறையாகப் படவில்லை. எழுத்தை ஆயுதமாக்கும் அந்தக் கற்பனையைவிட, எழுத்தை எழுத்தாகவே காக்க உயிரைப் பணயம் வைத்த அன்றாடம்தான் வியப்பு. அதில் வீரவசனம் கிடையாது. இடுப்பில் உறுத்தும் காகிதக்கட்டு மட்டுமே.

க்ரூக் பிழைக்கவில்லை. 1944 செப்டம்பரில் எஸ்தோனியாவின் லாகெடி முகாமில், செஞ்சேனை வந்துசேர்வதற்கு முந்தைய நாள் கொல்லப்பட்டார். தம் நாட்குறிப்புகளை அதற்குள் மண்ணில் புதைத்துவிட்டிருந்தார். காட்டுக்குத் தப்பியோடிய சுட்ஸ்கேவரை 1944 மார்ச்சில் சோவியத் விமானம் மாஸ்கோவுக்குக் கொண்டுசென்றது. வில்னா விடுபட்டதும் அவரும் கச்செர்கின்ஸ்கியும் திரும்பிவந்து, ஒளித்துவைத்தவற்றைத் தோண்டி எடுத்தார்கள்.

1946 பிப்ரவரி 27 அன்று நூரம்பெர்க் நீதிமன்றத்தில் சுட்ஸ்கேவர் சாட்சி சொன்னார். கொல்லப்பட்ட தாயைப் பற்றியும், பிறந்தவுடன் கொல்லப்பட்ட மகனைப் பற்றியும் பேசினார். யித்திஷில் பேசவே விரும்பினார். சோவியத் தரப்புச் சாட்சி என்பதால் ரஷ்ய மொழியில் பேச வேண்டியதாயிற்று. மூன்றாண்டு கழித்து டெல் அவிவில் ஒரு யித்திஷ் காலாண்டிதழைத் தொடங்கினார். அதை 1995 வரை நடத்தினார்.