ஜப்பானிய ஆவணப்படமும் மறைவாழ்க்கை வரலாறும்

மக்களிடையே வழங்கும் ஒழுகலாறு ஒன்றைச் சட்டமும் ஏட்டு வரலாறும் கூறாது விடுமாயின், அது மறைவானது என்று பெயர் பெறுகின்றது. ஜப்பானியரின் பால்வாழ்க்கை குறித்த ஆவணப்படங்களை ஆராய்வார் இதனை முதற்கண் மனங்கொள்ளல் வேண்டும்.

எதோ காலத்தில் இவ்வாழ்க்கை மறைபொருளாக இருந்திலது. ஆடவர்தம் காதலையே பொருளாகக் கொண்ட கதைத் தொகுதியொன்றை இஹாரா சைக்காக்கு 1687-இல் வெளியிட்டார். மெய்ஜி அரசின் 1873-ஆம் ஆண்டுச் சட்டம் ஆடவர் புணர்ச்சியைக் குற்றமாக்கிற்று. 1882-இல் நடைமுறைக்கு வந்த தண்டனைச் சட்டத்தில் அக்குற்றம் இடம்பெறவில்லை. எனினும், சட்டம் நீங்கியவாறு இழிவெண்ணம் நீங்கவில்லை. மறைவு என்பது இவ்வாறு பின்னர் வந்து சேர்ந்ததேயாம்.

மத்சுமோத்தோ தோஷியோ 1969-இல் எடுத்த 'ரோஜாக்களின் இறுதி ஊர்வலம்' ஒரு கதைப்படம். ஆயினும், தோக்கியோவின் ஷிஞ்சுக்குப் பகுதி மதுவிடுதிகளில் 'கே பாய்' எனப்பட்ட இளைஞரை நேரிற் கண்டு வினவும் பகுதிகள் அதன் இடையிடையே வருகின்றன. ஆவணமும் கற்பனையும் கலந்து நிற்றலின், பேசுவார்க்குக் கதை ஒரு காப்பாகவும் அமைகின்றது.

கிம் லோங்கினோட்டோ, ஜேனோ வில்லியம்ஸ் ஆகிய இருவரும் 1995-இல் எடுத்த 'ஷிஞ்சுக்கு பாய்ஸ்' அக்காப்பின்றி இயல்வது. பெண்ணாகப் பிறந்து ஆடவராக வாழ்ந்து, பெண்டிர் நாடிவரும் விடுதியில் பணிபுரிந்த மூவர் அதில் தம் வாழ்வைத் தாமே கூறுகின்றனர். இத்தகையோரை ஜப்பானியர் 'ஒனபே' என்பர். படம் விடுதியோடு நில்லாது அவர்தம் இல்லத்திற்கும் செல்கின்றது.

விடுதியிற் பேசும் பேச்சு விருந்தினரை மகிழ்விக்கும் பேச்சாதலும் கூடும். மெய்க்கீர்த்தியைச் சான்றாகக் கொள்வார் புகழ்ச்சியைப் பிரித்தறிவது போல, ஈண்டும் தொழிற்பேச்சைப் பிரித்தறிதல் வேண்டும். இல்லத்துப் பேச்சு அதற்கு உரைகல்லாகின்றது.

இப்படம் எடுக்கப்பெற்ற காலத்தே, இத்தகையோர் குடும்பப் பதிவேட்டில் தம் பாற்குறிப்பை மாற்றுதற்கெனத் தனிச்சட்டம் இல்லை. 2003-இல் அச்சட்டம் இயற்றப்பெற்றது. ஆயினும், இனப்பெருக்க ஆற்றலை இழத்தல் வேண்டும் என்னும் விதியும் அதில் இருந்தது. அவ்விதி அரசியலமைப்புக்கு முரணானது என ஜப்பானிய உச்சநீதிமன்றம் 2023-இல் தீர்ப்பளித்தது.

சட்டம் பேசுதற்கு முன்னரே அம்மூவரும் ஆடவராக வாழ்ந்தனர். பதிவேடு கூறாத அவ்வுண்மைக்கு ஆவணப்படம் சான்றாகின்றது. ஆகலின், மறைந்திருந்தது அவர்தம் வாழ்க்கையன்று. அதனைக் காணாதிருந்தது ஏடே என்பது தெளிவு.